கானாடுகாத்தான் தெருக்கள்: முகப்பைப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்துவிடாதீர்கள்

செட்டிநாட்டுப் பெரிய வீடுகளைப் பார்க்கக் கானாடுகாத்தானுக்குப் போகலாமா என்று கேட்கிறவர்களுக்கு நான் சொல்வது இதுதான்: கண்டிப்பாகப் போங்கள், ஆனால் அரை நாளில் ஐந்தாறு வீடு காட்டுகிறோம் என்று வேனில் ஏற்றிக்கொண்டு போகிறார்களே, அப்படிப் போகாதீர்கள். ஒரு வீடு போதும். முன்வாசலில் நுழைந்து, கட்டு கட்டாகத் தாண்டி, பின்வாசல் வழியாக அடுத்த தெருவில் கால் வைக்கிற வரைக்கும் அந்த ஒரு வீட்டிலேயே நேரத்தைச் செலவழியுங்கள். மற்ற வீடுகளைத் தெருவில் நடந்தே பார்த்துக்கொள்ளலாம்.

ஊரைப் பற்றி முதலில் கொஞ்சம். சிவகங்கை மாவட்டத்தில், காரைக்குடிக்கு வடக்கே சுமார் 15 கிலோமீட்டரில் இருக்கிற சின்னப் பேரூராட்சி. நகரத்தார், அதாவது நாட்டுக்கோட்டைச் செட்டியார்களின் ஊர். தெருக்கள் கயிறு பிடித்துப் போட்டதுபோல நேராக இருக்கும், ஒன்றையொன்று செங்குத்தாக வெட்டும். வீடு ஒரு தெருவில் தொடங்கி அடுத்த தெருவில் முடியும், அதனால் ஒரு தெருவில் நடந்தால் ஒரு பக்கம் முகப்புகளும் எதிர்ப்பக்கம் வேறு வீடுகளின் பின்சுவர்களும் தெரிகிற இடங்கள் உண்டு. இந்த வீடுகள் பெரும்பாலும் 1850க்குப் பிறகு தொடங்கி 1940கள் வரைக்கும் கட்டப்பட்டவை. பழையதில் ஒன்று வி.வி.ஆர். வீடு, 1870இல் கட்டியது என்கிறார்கள். ராஜா சர் அண்ணாமலைச் செட்டியாரின் அரண்மனை 1912இல் வந்தது. அரண்மனைக்குள் போய்ப் பார்க்கலாம் என்று நம்பிப் போகாதீர்கள், அது குடும்பத்தின் சொந்த வீடு, வெளியில் நின்று பார்க்கிற மனதோடு போனால் ஏமாற்றம் இருக்காது. வேறு சில வீடுகளில் சிறிய தொகை வாங்கிக்கொண்டு உள்ளே விடுகிறார்கள்.

எங்களுக்கு ஏற்பாடு செய்து கொடுத்த சுற்றுலாக்காரர்களின் பெயர் வேண்டாம். வழிகாட்டியாக வந்த தம்பி நல்ல பையன்தான், குறை அவனுக்குக் கொடுத்து அனுப்பிய பாடத்தில் இருக்கிறது. பர்மா தேக்கு, இத்தாலிப் பளிங்கு, பெல்ஜியம் கண்ணாடி, சுவருக்கு முட்டை வெள்ளைக்கரு. இந்த நான்கையும் வீட்டுக்கு வீடு சொல்லிவிட்டு, படம் எடுக்கப் பத்து நிமிடம் கொடுத்துவிட்டு, அடுத்த வீட்டுக்குக் கிளப்பிவிடுகிறான். முதல் வளவை, அதாவது முற்றமும் அதைச் சுற்றி அறைகளும் இருக்கிற கட்டைத் தாண்டி உள்ளே போகப் பார்த்தபோது, “அங்க ஒண்ணும் இல்ல சார், சமையக்கட்டுதான்” என்றான். அந்த இடத்தில்தான் எனக்குக் கோபம் வந்தது. அந்தச் சமையல்கட்டு இல்லையென்றால் இந்த வீடு எதற்காக இவ்வளவு நீளமாகக் கட்டப்பட்டது என்பதே புரியாது.

அதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். முன்னால் இருப்பது முகப்பு. இரண்டு பக்கமும் அகலத் திண்ணை, வழுவழுவென்று தூண்கள், நடுவில் செதுக்கி வைத்த நிலைக்கதவு, மேலே கஜலட்சுமி. வெளி ஆட்கள் வருவது, கணக்கு வழக்குப் பார்ப்பது, பேச்சுவார்த்தை எல்லாம் இங்கேயே முடிந்துவிடும். அதைத் தாண்டினால் பட்டாலை என்கிற கூடம், அப்புறம் வானம் பார்த்த முற்றத்தோடு வளவு. வளவைச் சுற்றி வரிசையாகக் கதவுகள். கல்யாணம் ஆன ஒவ்வொரு மகனுக்கும் அதில் ஒரு பங்கு. ஒன்றுக்குள் ஒன்றாக அறைகள், ஜன்னல் குறைவு, நல்ல வெளிச்சம் வராது. இவ்வளவு பெரிய வீட்டைக் கட்டிவிட்டு அறையை மட்டும் ஏன் இப்படி இருட்டாக வைத்தார்கள் என்று யாருக்கும் தோன்றும். காரணம், அது படுப்பதற்காகக் கட்டிய அறையே இல்லை. பெண்ணுக்குக் கொடுத்தனுப்பிய சாமான் வைக்கிற இடம் அது. பித்தளை, வெண்கலம், எவர்சில்வர், பீங்கான், எனாமல் தூக்கு, பாய், பெட்டி, மரச்சாமான் என்று ஒரு ஆயுளுக்கும் போதுமானதைக் கொடுத்தனுப்புகிற வழக்கம் நகரத்தாரிடம் இருந்தது. சாமான் அறைக்குள்ளே இருக்கும், மனிதர்கள் முற்றத்தைச் சுற்றி இருக்கிற வளவுத் தாழ்வாரத்தில் காற்றோட்டமாகப் படுத்துக்கொள்வார்கள்.

இன்னொன்று, இது வெளியூர்க்காரர்கள் அதிகம் கேள்விப்படாதது. நாம் கூட்டுக் குடும்பம் என்றால் ஒரே அடுப்பு என்று நினைப்போம். இங்கே கல்யாணமான கொஞ்ச காலத்தில் மகனையும் மருமகளையும் ‘வேறு வைத்துவிடுவார்கள்’. வீட்டை விட்டு வெளியே அனுப்புவதில்லை, அதே கூரைக்குக் கீழேதான், ஆனால் சமையல் தனி, செலவு தனி, கணக்கு தனி. வேண்டிய பண்டம் பாத்திரத்தைப் பெரியவர்கள் கொடுப்பார்கள், அதைக் கொண்டு அந்தப் பெண் குடித்தனம் நடத்த வேண்டும். அதனால்தான் பின்கட்டில் அடுப்பு அடுப்பாகப் போய்க்கொண்டிருக்கிறது. அம்மியும் உரலும் வரிசையாகக் கிடக்கின்றன, தானியம் காயப் போட இன்னொரு முற்றம் இருக்கிறது. ஆண்கள் ரங்கூனிலோ மோல்மீனிலோ பினாங்கிலோ கொழும்பிலோ கடையில் இருப்பார்கள். அங்கே கடையை நடத்தப் போகிற ஏஜெண்டுக்குப் பொதுவாக மூன்று வருடக் கணக்கு, மூன்று வருடம் கழித்துத்தான் ஊர்ப்பக்கம் வருவார். அந்த மூன்று வருடமும் இந்த வீட்டை நடத்தியது வீட்டுப் பெண்களான ஆச்சிமார்கள். முகப்பில் நின்று தேக்குத் தூணைப் பார்த்துவிட்டுத் திரும்புகிறவர் பார்த்தது வந்து போகிறவர்களுக்காக ஒதுக்கிய பகுதியை மட்டும்தான். ஆட்கள் வாழ்ந்த பகுதி பின்னால் இருக்கிறது.

நாங்கள் கடைசியாகப் பார்த்த வீட்டில் காவலுக்கு இருந்த பெரியவர் ஒருவர் எங்கள் ஆர்வத்தைப் பார்த்துவிட்டு, “தம்பி, அவசரம் இல்லைன்னா இருங்க, நான் காட்டறேன்” என்று சாவிக்கொத்தை எடுத்துக்கொண்டு வந்தார். அவர் காட்டிய முதல் விஷயமே தண்ணீர். முற்றத்துக்கு நாலு பக்கமும் நாட்டு ஓடு வேய்ந்த கூரை உள்நோக்கிச் சரிகிறது. மழை பெய்தால் அத்தனை தண்ணீரும் முற்றத்தில்தான் வந்து விழும். ஓட்டின் ஓரத்தில் தகர வாய்க்கால், அதற்கு நாலு மூலையிலும் வாய், வாய்க்கு நேர் கீழே அந்தக் காலத்தில் அண்டாவை வைத்துவிடுவார்களாம். மிச்சத் தண்ணீர் கல் பாவிய தரையில் ஓடி, மூலையில் இருக்கிற துளை வழியாகத் தெருவுக்குப் போய், தெருச் சரிவில் ஊருணிக்குப் போகும். இவர் குனிந்து அந்தத் துளையில் அடைத்திருந்த இலையைக் கையால் எடுத்துப்போட்டார். ஒரு சாண் அகலம்கூட இருக்காது, விளிம்பெல்லாம் தண்ணீர் ஓடி ஓடித் தேய்ந்து வழுவழுவென்று ஆகியிருந்தது. வறண்ட பூமியில் மழையை இப்படி மதித்து ஒரு ஊரையே அமைத்திருக்கிறார்கள். இத்தாலிப் பளிங்கைக் காசு இருக்கிற யாரும் வாங்கிவிடலாம், இந்தச் சரிவை ஊரே ஒத்துக்கொண்டால்தான் அமைக்க முடியும். எனக்கு இந்த ஊரிலேயே பெரிதாகத் தெரிந்தது இதுதான்.

சுவர்ப்பூச்சு பற்றி ஆளாளுக்கு ஒரு கதை சொல்கிறார்கள். சுண்ணாம்பை ஊறவைத்து நைசாக அரைத்து, கடுக்காய், வெல்லம் சேர்த்து, பூச்சுமேல் பூச்சாகப் பூசி, கடைசிப் பூச்சில் முட்டை வெள்ளைக்கருவும் சேர்த்து, கூழாங்கல்லால் தேய்த்து மெருகேற்றுவது. அவ்வளவுதான் விஷயம், எத்தனை ஆயிரம் முட்டை என்கிற கணக்கை விட்டுத்தள்ளுங்கள். செய்ய வேண்டியது, வெயிலில் தெருவில் நடந்துவிட்டு உள்ளே போய்ச் சுவரில் உள்ளங்கையை வைத்துப் பார்ப்பது. அப்படி ஒரு குளிர்ச்சி. ஈரத்துணியால் துடைத்தால் அழுக்குப் போய்விடும் என்று பெரியவர் துடைத்தே காட்டினார். பக்கத்திலேயே, யாரோ அவசரத்துக்குச் சிமெண்ட் வைத்து ஒட்டுப்போட்ட இடம் இருந்தது, சிமெண்டைச் சுற்றிப் பழைய பூச்சு உப்பிப் பெயர்ந்து விழுந்துகொண்டிருந்தது. சுண்ணாம்புச் சுவர் மூச்சுவிடும், சிமெண்ட் விடாது, ஈரம் உள்ளேயே தங்கி மற்றதையும் கெடுத்துவிடும். பழைய வீட்டைப் பழுதுபார்க்கிறவர்கள் இந்த ஒன்றையாவது தெரிந்துகொண்டு செய்தால் நல்லது.

தரைக்கு ஆத்தங்குடிக்குப் போகாமல் வராதீர்கள், பக்கத்து ஊர்தான். அங்கே பட்டறைகளில் ஓடு போடுவதைப் பார்க்க விடுகிறார்கள். ஒரு கண்ணாடித் துண்டைக் கீழே வைத்து அதன்மேல் சதுரச் சட்டம், சட்டத்துக்குள் பூவேலை அச்சு. சாயம் கலந்த சிமெண்ட் பாலை கரண்டியால் மொண்டு அச்சின் ஒவ்வொரு கண்ணிலும் ஊற்றுகிறார். சிவப்பு, மஞ்சள், பச்சை, ஒன்றோடு ஒன்று கலக்காமல். அச்சைத் தூக்குகிற அந்த ஒரு நொடியில் கை ஆடினால் ஓடு போச்சு. பிறகு மேலே உலர்ந்த மணலும் சிமெண்டும் தூவி ஈரத்தை இழுத்துக்கொள்ள விட்டு, அதன்மேல் கலவை வைத்து மட்டம் தட்டி, கண்ணாடியோடு அப்படியே எடுத்துவைக்கிறார்கள். தண்ணீர்த் தொட்டியில் சில நாள் ஊறிய பிறகு கண்ணாடி தானாக விட்டுவிடும். ஓட்டின் பளபளப்பு அந்தக் கண்ணாடியிலிருந்து வருவது, சூளை கிடையாது, மெஷின் பாலிஷ் கிடையாது. வீட்டில் போட்டால் வெறுங்காலோடு நடக்க நடக்க மெருகு ஏறும், கண்ட ஆசிட் ஊற்றித் தேய்த்தால் கெட்டுப்போகும். பாலிஷ் டைல்ஸில் கிடைக்கிற ஒரே மாதிரித்தனம் இதில் கிடைக்காது, ஒவ்வொரு ஓட்டிலும் கோடு இம்மி இம்மி விலகித்தான் இருக்கும். எனக்கு அதுதான் பிடித்தது.

இனி தெரு. காலை 7 மணிக்குள் நடக்கத் தொடங்கிவிடுங்கள். கைப்பிடிச் சுவர்களின் மேலே பாருங்கள், சுதைப் பொம்மைகள். லட்சுமிக்கு ஒரு பக்கம் யானை, அதற்குப் பக்கத்திலேயே தொப்பி போட்டுத் துப்பாக்கி பிடித்த வெள்ளைக்காரச் சிப்பாய். தாங்கள் எங்கே சம்பாதித்தார்களோ, யாருடைய ஆட்சியில் சம்பாதித்தார்களோ, அதையெல்லாம் கூச்சமே இல்லாமல் கூரைமேல் ஏற்றி வைத்திருக்கிறார்கள். 1930கள் வாக்கில் கட்டிய வீடுகளுக்கு வந்தால் பொம்மைகள் குறைந்து, வளைவான பால்கனி, நேர்கோடு, கலர்க் கண்ணாடி என்று ஆர்ட் டெக்கோ பாணி வந்துவிடுகிறது. இப்போது ஹோட்டலாக இருக்கிற விசாலம் அந்த வகை, மகளுக்காக அப்பா கட்டிக் கொடுத்த வீடு.

பூட்டு போட்ட வீடுகள்தான் அதிகம், இதைப் போகிறவர்கள் தெரிந்துகொண்டு போக வேண்டும். கல்யாணம், அறுபதாம் கல்யாணம், முன்னோருக்குப் படைப்பு என்றால் கதவு திறக்கும், ஊரே நிறையும், மறுநாள் மறுபடி பூட்டு. ஒரு வீட்டுக்குப் பங்காளிகள் தலைமுறை தலைமுறையாகப் பெருகிப் போயிருப்பார்கள். ஒருவர் சென்னையில், ஒருவர் சிங்கப்பூரில், ஒருவர் அமெரிக்காவில். ஓடு மாற்ற வேண்டும் என்றால் அத்தனை பேரும் சம்மதிக்க வேண்டும், அத்தனை பேரும் பணம் போட வேண்டும். இதற்கு நடுவிலும் பெருக்கித் துடைத்து, சாமி விளக்கு அணையாமல் பார்த்துக்கொள்கிற குடும்பங்கள் இருக்கின்றன, அவர்களைக் கையெடுத்துக் கும்பிட வேண்டும். முடியாமல் போன வீடுகள் என்ன ஆகின்றன என்று பார்க்க வேண்டுமானால் காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவுக்குப் போங்கள். பழம்பொருள் கடைகள். எனாமல் தட்டும் ஜாடியும் வாங்குவதைப் பற்றி எனக்கு ஒன்றுமில்லை, அது வீட்டு உபயோகச் சாமான், கைமாறும். ஆனால் சுவரில் சாத்தி வைத்திருக்கிற நிலைக்கதவும் தூணும் ஒரு வீட்டை இடித்தால் மட்டுமே கடைக்கு வரும். அதை வாங்கி வேறெங்கோ ரிசார்ட் வரவேற்பறையில் நிறுத்தி, செட்டிநாட்டுப் பாணி என்று சொல்வதை என்னால் ஏற்றுக்கொள்ள முடியவில்லை.

வழிகாட்டிகள் சொல்லாமல் விடுகிற இன்னொரு பக்கம் பணம் எங்கிருந்து வந்தது என்பது. வட்டிக்கடைதான். கீழ் பர்மாவில் நெல் பயிரிடக் கடன் கொடுத்தார்கள், 1930இல் நெல் விலை அடியோடு விழுந்தபோது கடன் திரும்பவில்லை, அடமான நிலம் கைக்கு வந்தது. 1937 வாக்கில் கீழ் பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்களில் ஏறத்தாழ கால் பங்கு நிலம் செட்டியார்களிடம் இருந்தது. நிலத்தை இழந்த பர்மிய விவசாயியின் கதையும் இந்தத் தூணுக்குள் இருக்கிறது, அதை மறைத்துவிட்டு ‘கடல் கடந்த வணிகப் பெருமை’ என்று மட்டும் பேசுவது அரைகுறை. அதே மாதிரி, 1942இல் ஜப்பான்காரன் வந்தபோது எல்லாவற்றையும் விட்டுவிட்டு ஓடிவந்ததும், சுதந்திர பர்மா அந்த நிலங்களை எடுத்துக்கொண்டதும், 1960களில் மிச்சமிருந்த வணிகமும் தேசியமயமானதும் சொன்னால்தான், 1940களோடு இங்கே பெரிய வீடு கட்டுவது ஏன் நின்றுபோனது என்று புரியும். இதைச் சொல்ல ஐந்து நிமிடம் போதும். கேட்கிறவர்களுக்குப் பொறுமை இல்லை என்று சுற்றுலாக்காரர்கள் அவர்களாகவே முடிவு செய்துவிடுகிறார்கள்.

தங்குவதற்குக் கானாடுகாத்தானிலேயே பழைய வீடுகளை மாற்றிய ஹோட்டல்கள் உண்டு. பக்கத்து ஊர்களில் என்றால் கொத்தமங்கலத்தில் சாரதா விலாஸ், கடியாபட்டியில் சிதம்பர விலாஸ். வாடகை அதிகம்தான், ஆனால் கூரை ஒழுகாமல் பார்த்துக்கொள்ள அந்தப் பணம்தான் போகிறது என்பதால் எனக்கு வருத்தம் இல்லை. கட்டுப்படியாகாதவர்கள் காரைக்குடியில் சாதாரண லாட்ஜில் தங்கிக்கொண்டு காலையில் பஸ் ஏறினால் போதும், ஒன்றும் குறைந்துவிடாது. சாப்பாட்டில் மட்டும் ஜாக்கிரதை. நெடுஞ்சாலையில் செட்டிநாடு என்று போர்டு போட்ட ஒரு ஓட்டலில் மசாலாவை அள்ளிக் கொட்டி, எண்ணெய் மிதக்க ஒரு கோழிக் குழம்பு கொடுத்தார்கள், நாக்கு எரிந்ததுதான் மிச்சம். வீட்டுச் சமையல் அப்படிக் காரமாக இருக்காது. பலகாரமாவது கேட்டு வாங்கிச் சாப்பிடுங்கள், வெள்ளைப் பணியாரம், கந்தரப்பம், கவுனி அரிசி, கிடைத்தால் கும்மாயம்.

யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரிய உத்தேசப் பட்டியலில் செட்டிநாட்டு ஊர்கள் 2014இலேயே சேர்ந்துவிட்டன. ஊருக்குள் அதற்கான அடையாளம் எதுவும் என் கண்ணில் படவில்லை. எந்த வீடு எந்தக் காலத்தது, எதில் உள்ளே விடுவார்கள், ஊருணி எந்தப் பக்கம் என்று ஒரு வரைபடம் இல்லை, நல்ல கழிப்பறை இல்லை. ஒரு பலகை வைக்க என்ன செலவாகிவிடும்? ஊருக்கு ஐந்துக்கு ஐந்து கொடுப்பேன், வருகிறவர்களுக்குச் செய்து வைத்திருக்கிற வசதிக்கு இரண்டுக்கு மேல் மனம் வரவில்லை.

போகிறவர்களுக்குச் சில விஷயங்கள். சென்னையிலிருந்து பல்லவன் ரயிலில் காரைக்குடி வந்து இறங்கிப் பஸ் பிடிக்கலாம். திருச்சியிலிருந்து வந்தால் புதுக்கோட்டை, திருமயம் தாண்டியதும் வந்துவிடும், திருமயம் கோட்டையையும் பார்த்துக்கொள்ளலாம். ஊர்ப்பக்கத்திலேயே செட்டிநாடு என்று ரயில் நிலையம் இருக்கிறது, எல்லா வண்டியும் நிற்காது, பார்த்துக்கொள்ளுங்கள். செருப்பை முகப்பிலேயே கழற்றிவிடுங்கள். படம் எடுக்கும் முன் கேளுங்கள், சாமி அறைப் பக்கம் கேமராவைத் திருப்பாதீர்கள். வீட்டைக் காட்டுகிற காவலாளிக்குக் கட்டணத்துக்கு மேல் கையில் ஏதாவது கொடுங்கள், இந்த வீடுகளை அன்றாடம் காப்பாற்றுவது அவர்கள்தான். கோடையைத் தவிர்த்துவிட்டு ஐப்பசி கார்த்திகையில் போங்கள். மழை பிடித்துக்கொண்டால் டூர் கெட்டுவிட்டதே என்று வேனுக்கு ஓடாமல் ஏதாவது ஒரு வளவில் உட்கார்ந்துவிடுங்கள், அந்த வீடு வேலை செய்வதை அப்போதுதான் பார்க்க முடியும்.